ஒலிவினை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஒலிவினை என்பது என் கதைகளுக்காக நான் அமைத்துக்கொண்ட ஒரு கற்பனை மாய முறையாகும். அக்கதைகளின் உலகில், உரிய அளவில் வாய்விட்டுச் சொல்லப்படும் சொல் தன் பொருளைத் தானே நிகழ்த்தும். ‘வளி எழு’ என்று ஒருவர் முறைப்படி சொன்னால் காற்று எழும். ஆனால் அந்த நொடியிலேயே, சொன்னவரின் நினைவிலிருந்து ‘வளி’, ‘எழு’ ஆகிய இரு சொற்களும் நீங்கிவிடும். வேறொருவர் தம் இயல்பான பேச்சில் அவற்றைச் சொல்லி, அது இவர் செவியில் விழுந்தால்தான் அவை திரும்பக் கிடைக்கும். இவ்விரண்டு விதிகளைத் தவிர மற்றவை எல்லாம் இவற்றிலிருந்து கிளைத்தவையே. கதைகளைப் படித்தவர்களும், இதைப் போன்ற ஒன்றைத் தம் கதைகளுக்கு அமைக்க முயல்பவர்களும் மீண்டும் மீண்டும் கேட்ட கேள்விகளுக்கு இங்கே விடை எழுதியிருக்கிறேன்.

சொன்னதெல்லாம் நடக்கும் உலகில் மக்கள் எப்படி அச்சமின்றிப் பேசிக்கொள்ள முடியும்?

சொன்னதெல்லாம் நடப்பதில்லை, அளந்து சொன்னது மட்டுமே நடக்கிறது. தமிழ் இலக்கணம் குறிலுக்கு ஒரு மாத்திரை, நெடிலுக்கு இரண்டு, மெய்க்கும் ஆய்தத்துக்கும் குற்றியலுகரத்துக்கும் அரை, மகரக்குறுக்கத்துக்குக் கால் என்று ஒலிக்கு அளவு வகுத்திருக்கிறது. கண்ணிமைக்கும் நேரமோ விரல் நொடிக்கும் நேரமோ ஒரு மாத்திரை என்பது தொல்காப்பியம் தரும் அளவுகோல். அன்றாடப் பேச்சு இந்த அளவுக்குள் நிற்பதில்லை. ‘வந்துவிட்டான்’ என்பது ‘வந்துட்டான்’ ஆகிறது. ஈற்று மெய் மூக்கொலியாகக் கரைகிறது. அவசரத்தில் நெடில் குறுகுகிறது. ஆகவே வீட்டிலும் தெருவிலும் பேசுகிறவர்கள் தம்மை அறியாமல் ஒலிவினை நிகழ்த்திவிட வாய்ப்பில்லை.

அளவு மட்டும் போதுமானதும் அன்று. நொடியை நான்கு கூறாக்கிக் காட்டும் பழைய பாடல் ஒன்று உண்டு: ‘உன்னல் காலே, ஊன்றல் அரையே, முறுக்கல் முக்கால், விடுத்தல் ஒன்றே’. உன்னலுக்கே, அதாவது விரலை நொடிக்க நினைப்பதற்கே, கால் மாத்திரை ஆகிறது என்கிறது அது. இந்த முறையை அமைக்கத் தொடங்கிய நாளில் எனக்குக் கிடைத்த முதல் திறவுகோல் அந்தக் கால் மாத்திரைதான். ஒலிவினையில் ஒவ்வொரு சொல்லுக்கும் முன்னால், அதன் பொருளை மனத்தில் நிறுத்துவதற்குக் கால் மாத்திரை செலவிட்டாக வேண்டும். பேச்சுவேகத்தில் எவரும் சொல்லுக்குச் சொல் அப்படி நின்று நினைப்பதில்லை. வெறுமனே ஒப்பிப்பவருக்கு ஒலிவினை வாய்க்காததும் இதனால்தான்.

இதற்கான ஆற்றல் எங்கிருந்து வருகிறது? குரலிலிருந்தா?

குரலிலிருந்து அன்று. இயல்பாக உரையாடும்போது வெளிப்படும் ஒலியின் திறன் ஏறத்தாழ ஒரு வாட்டின் லட்சத்தில் ஒரு பங்குதான். அதைக் கொண்டு ஓர் இலையைக்கூட நகர்த்த இயலாது. குரல் என்பது பூட்டைத் திறக்கும் சாவி மட்டுமே. திறந்தபின் வேலையைச் செய்வது, ஒலி பிறந்த இடத்துக் காற்றில் உள்ள வெப்பம்.

கணக்கிட்டுப் பார்த்தால் இது எளிதில் விளங்கும். ஒரு கன மீட்டர் காற்றின் நிறை சுமார் 1.2 கிலோகிராம். அதை ஒரு டிகிரி செல்சியஸ் குளிர்வித்தால் சுமார் 1,200 ஜூல் வெப்பம் வெளிவரும். 60 கிலோ எடையுள்ள ஒருவரை 2 மீட்டர் உயரத்துக்குத் தூக்க அது போதும். இயல்பான உலகில் சுற்றுப்புறக் காற்றின் வெப்பம் தானாகவே இப்படி ஒழுங்கான வேலையாக மாறுவதில்லை. இயற்பியல் அதை அனுமதிக்காது. அந்த ஒரே விதிவிலக்கைத்தான் இக்கதைகளில் மாயம் என்று வைத்திருக்கிறேன். மற்ற எல்லா விதிகளும் அப்படியே நிற்கின்றன. அதனால் ஒலிவினை நிகழும் அறை குளிரும். மூடிய சிறு அறையில் பெருவினை செய்ய முயல்பவர் உறைந்துபோகவும் கூடும். காற்றே இல்லாத வெற்றிடத்தில் ஒலியும் பரவாது, எடுத்துக்கொள்ள வெப்பமும் இராது. அங்கே ஒலிவினைக்கு இடமில்லை.

சொல்லை இழப்பது என்றால் என்ன? அந்தப் பொருளையே மறந்துவிடுவார்களா?

பொருளை மறப்பதில்லை, பெயர் மட்டுமே நழுவுகிறது. ‘தண்ணீர்’ என்ற சொல்லைச் செலவிட்டவர் குவளையைக் கண்டால் அது குடிப்பதற்கு உரியது என்பதை அறிவார், தாகத்தை உணர்வார், குடிக்கவும் செய்வார். ஆனால் அதற்கான சொல் வாயில் வராது. எழுத்தில் எழுதிக் காட்டினால் ‘த-ண்-ணீ-ர்’ என்று எழுத்துக் கூட்டி ஒலிக்க இயலும். அந்த ஒலி எதனோடும் ஒட்டாது. நாம் எல்லோரும் சிலவேளைகளில் ஒரு பெயர் நுனிநாக்கில் நின்று வெளிவராமல் தவிப்பதை அறிவோம். அந்தத் தவிப்பு நீங்காமல் நாள்கணக்கில் நின்றால் எப்படி இருக்குமோ அதுவே ஒலிவினைஞரின் நிலை. மூளையில் அடிபட்டவர்களுக்கும் பக்கவாதம் கண்டவர்களுக்கும் இத்தகைய பேச்சிழப்பு உண்மையிலேயே நேர்கிறது. 1861-இல் பிரெஞ்சு மருத்துவர் பால் புரோக்கா, ‘டான்’ என்ற ஓரசையைத் தவிர ஏறக்குறைய வேறெதுவும் பேச இயலாத ஒரு நோயாளியைப் பற்றி அறிவித்தார். அந்த நோயாளியால் பிறர் பேசுவதைப் பெரும்பாலும் புரிந்துகொள்ள முடிந்தது. சொல்லும் பொருளும் மனிதருக்குள் தனித்தனியே இழக்கப்படக் கூடியவை என்பதற்கு அது சான்று. அந்தத் துயரத்தை விளையாட்டுப் பொருளாக்கிவிடக் கூடாது என்ற எச்சரிக்கையோடுதான் இந்த விதியை எழுதினேன்.

மாயத்துக்கு விலையாக இரத்தத்தையோ ஆயுளையோ வைக்காமல் சொல்லையே வைத்ததற்குக் காரணம் இருக்கிறது. மொழியால் நடக்கும் ஒரு வினைக்கு மொழியிலேயே விலை கொடுப்பதுதான் முறையானது என்று கருதினேன். அதோடு, சொல் எவருக்கும் தனிச்சொத்து அன்று. நாம் பேசும் ஒவ்வொரு சொல்லும் வேறொருவர் வாயிலிருந்து நமக்கு வந்ததுதான். அதை இழந்தால் மீண்டும் பிறர் வாயிலிருந்தே பெற்றாக வேண்டும் என்று விதித்தபோது, தனியே குகையில் அமர்ந்து ஆற்றல் சேர்க்கும் மந்திரவாதி என்ற வழக்கமான உருவம் இந்த உலகில் நிற்க இயலாமற்போயிற்று. இங்கே தனித்து வாழும் ஒலிவினைஞர் சில திங்களில் ஊமையாகிவிடுவார். ஆற்றல் மிக்கவர் எனப்படுபவரைச் சுற்றி எப்போதும் பேச்சொலி நிறைந்திருக்கும். அவர் சந்தைக்கு அருகிலோ பெரிய குடும்பத்தின் நடுவிலோ வாழ்வார்.

கூலிக்கு ஒருவரை அமர்த்தி, இழக்கப்போகும் சொற்களின் பட்டியலைக் கொடுத்து, பின்னர் வாசிக்கச் சொன்னால் என்ன?

அது பயன் தராது. திரும்பி வரும் சொல், சொல்பவரின் சொந்தத் தேவைக்காகச் சொல்லப்பட்டிருக்க வேண்டும். பட்டியலை வாசிப்பவர் ‘தண்ணீர்’ என்னும்போது தண்ணீரைக் கருதுவதில்லை, பட்டியலைத்தான் கருதுகிறார். தாகத்தோடு வந்து ஒரு குழந்தை ‘தண்ணீர் வேண்டும்’ என்றால், அந்தக் கணமே சொல் மீண்டுவிடும். ஆகவே ஒலிவினைஞருக்குத் தேவைப்படுவது பணியாள் அன்று. ஓயாமல் பேசும் நண்பர். கதைகளில் ஒவ்வொரு ஒலிவினைஞர் அருகிலும் கதை சொல்லும் பழக்கமுள்ள ஒருவர் இருப்பதைக் கவனித்தவர்கள் அதைத் தற்செயல் என்று எண்ண வேண்டாம்.

அப்படியானால் அரிய, பழைய சொற்களைப் பயன்படுத்துவதுதான் சிறந்தது அல்லவா? இழந்தாலும் அன்றாட வாழ்வுக்கு நட்டமில்லையே.

பலரும் முதலில் இப்படித்தான் நினைக்கிறார்கள். கதைகளில் வரும் இளம் மாணவர்களும் அப்படித்தான் நினைக்கிறார்கள். தமிழ் இதற்கு மிகுந்த வாய்ப்பளிக்கும் மொழி. திவாகரம், பிங்கலம், சூடாமணி ஆகிய நிகண்டுகள் ஒரு பொருளுக்கு வழங்கும் பல பெயர்களைத் திரட்டி வைத்திருக்கின்றன. காற்று என்ற ஒன்றுக்கே வளி, கால் என்ற பொதுப்பெயர்களும், தெற்கிலிருந்து வந்தால் தென்றல், வடக்கிலிருந்து வந்தால் வாடை, கிழக்கிலிருந்து வந்தால் கொண்டல், மேற்கிலிருந்து வந்தால் கோடை என்ற திசைப்பெயர்களும் உள்ளன. நிகண்டை மனப்பாடம் செய்தவரிடம் செலவிடுவதற்கு நிறையச் சொற்கள் இருக்கும்.

ஆனால் செலவிட்ட சொல் திரும்ப வேண்டுமே. ‘தண்ணீர்’ ஒரு நாழிகைக்குள் யார் வாயிலிருந்தாவது வந்துவிடும். ‘புனல்’ என்பதைப் பேச்சில் யார் சொல்வார்? அதை ஒருமுறை செலவிட்டவர் வாழ்நாள் முழுவதும் காத்திருக்க நேரலாம். அரிய சொல் ஒரே ஒருமுறை எறியத்தக்க வேல். பொதுச்சொல் நாள்தோறும் கூர்தீட்டப்படும் கத்தி. தேர்ந்தவர் பொதுச்சொல்லால் வேலை செய்வார். உயிருக்கு ஆபத்து வரும்போது மட்டுமே அரிய சொல்லைத் தொடுவார். எவர் பேச்சிலும் இல்லாமல் வழக்கொழிந்த சொற்களை மட்டுமே நம்பி வாழ்ந்த பரம்பரைகள், தலைமுறைக்குத் தலைமுறை சொல் வறுமை மிகுந்து அழிந்துபோயின.

மறைவாகக் காக்கப்படும் மந்திரங்களுக்கு இதில் இடமே இல்லையா?

‘நிறைமொழி மாந்தர் ஆணையிற் கிளந்த மறைமொழி தானே மந்திரம்’ என்று தொல்காப்பியம் மந்திரத்துக்கு இலக்கணம் கூறுகிறது. திருக்குறளும் நிறைமொழி மாந்தரின் பெருமையை மறைமொழி காட்டிவிடும் என்கிறது. மறைமொழி என்ற அந்த மரபை நான் மதிக்கிறேன். எனினும் என் முறையில் அதை வேண்டுமென்றே தலைகீழாக்கினேன். ஒருவருக்கு மட்டும் தெரிந்த சொல்லை வேறொருவர் இயல்பாகப் பேசித் திருப்பித் தர இயலாது. எனவே மறைசொல் ஒருமுறை வேலை செய்து, பிறகு உலகிலிருந்தே மறைந்துவிடும். தாமே புனைந்த சொல்லோ எனில் முதல்முறைகூட வேலை செய்யாது. எக்காலத்திலும் குறைந்தது இருவராவது ஒரே பொருளில் புரிந்துகொண்டிராத ஒலி இந்த உலகில் சொல்லாகக் கணக்கில் கொள்ளப்படுவதில்லை.

மனத்துக்குள் சொன்னால் நடக்குமா?

நடக்காது. இதற்குத் தொல்காப்பியத்தின் பிறப்பியலே எனக்கு முன்மாதிரி. கொப்பூழிலிருந்து எழும் காற்று தலை, மிடறு, நெஞ்சு ஆகிய இடங்களில் நின்று, பல், இதழ், நா, மூக்கு, அண்ணம் ஆகியவற்றின் தொழிலால் வெவ்வேறு எழுத்தாகப் பிறக்கும் என்று விளக்கிய பின், அவ்வியல் ஒரு வரம்பையும் இட்டுக்கொள்கிறது. அகத்தே எழும் வளியிசையின் அளவு மறைநூலுக்கு உரியது. புறத்தே ஒலித்துப் பொருள் தெரிவிக்கும் வளியிசையின் அளவையே தான் கூறுவதாக அது முடிகிறது. அந்த வரம்பை நானும் ஏற்றுக்கொண்டேன். வாயைக் கட்டிவிட்டால் ஒலிவினைஞர் எளிய மனிதரே. பயிற்சியின் தொடக்க ஆண்டுகள் முழுவதும் இந்த எட்டு இடங்களையும் தனித்தனியே உணர்ந்து ஆளப் பழகுவதிலேயே கழிகின்றன.

தவறாக ஒலித்தால் என்ன நேரும்?

ஒன்றும் நடக்காமல் போவது நல்வினைப்பயன். பெரும்பாலும் வேறொன்று நடந்துவிடும். தமிழில் ல, ள, ழ ஆகிய மூன்றும் நாவின் சிறு அசைவால் வேறுபடுபவை. ‘வளி’ என்று காற்றை அழைக்க வந்தவரின் நா சற்று முன்னே நழுவிப் பல்லடியைத் தொட்டால் ‘வலி’ வரும்; மேலே வளைந்து எதையும் தொடாமல் நின்றால் ‘வழி’ திறக்கும். ‘அறம்’ நிலைநாட்ட எண்ணியவர் ‘அரம்’ என்றால் கையில் இரும்பைத் தேய்க்கும் கருவி வந்து அமரும்.

இதைவிடக் கொடியது, ஒலி சரியாக இருந்தும் பிரிப்பு மாறுவது. இலக்கணம் பொதுமொழி என்று வகுப்பதில் ‘வேங்கை’ ஓர் எடுத்துக்காட்டு. ஒரே சொல்லாகக் கொண்டால் அது புலி அல்லது மரம். ‘வேம் + கை’ என்று பிரித்தால் வேகின்ற கை. கால் மாத்திரை உன்னலில் புலியை நினைக்கத் தவறியவருக்கு நேர்வதை நான் ஒரு கதையில் எழுதியிருக்கிறேன். அதை எழுதி முடிக்கப் பல நாள் ஆயிற்று. ‘வேலை கொடு’ என்றால் பணி; ‘வேலைக் கொடு’ என்றால் வேல். இடையில் நிற்பது ஒரே ஒரு வல்லின ஒற்று.

இத்தகைய பிழையைப் பற்றிய மிகப் பழைய கதை வேத மரபில் உண்டு. இந்திரனைக் கொல்லத்தக்க மகனைப் பெறுவதற்காகத் துவட்டா வேள்வி செய்தபோது ‘இந்திரசத்ரு’ என்ற சொல்லில் எடுத்தல், அதாவது குரலை உயர்த்திச் சொல்லும் அசை, இடம் மாறிப்போயிற்று. ‘இந்திரனைக் கொல்பவன்’ என்று பொருள்பட வேண்டியது ‘இந்திரனால் கொல்லப்படுபவன்’ என்று ஆகி, பிறந்த விருத்திரன் இந்திரன் கையால் மடிந்தான் என்பது அக்கதை. எழுத்து எதுவும் மாறவில்லை. குரலின் ஏற்ற இறக்கம் மட்டுமே மாறியது.

ழகரத்தை ளகரமாகப் பேசும் வட்டாரத்தில் பிறந்தவர் ஒலிவினைஞர் ஆக முடியாதா?

ஆகலாம். இந்தக் கேள்வி எனக்கு மிகவும் முக்கியமானது. தொடக்க காலத்தில் எழுதிய விதிகளில் நான் இதில் தவறியிருந்தேன், பிறகு திருத்தினேன். ஒலிப்பு வேறுபாட்டை வைத்து மனிதரைப் பிரித்ததன் விளைவை எபிரேய மறைநூலின் ஒரு நிகழ்ச்சி காட்டுகிறது. ஆற்றுத்துறையைக் கடக்க வந்தவர்களை ‘ஷிபோலெத்’ என்று சொல்லச் சொல்லி, ‘சிபோலெத்’ என்றவர்களைக் கொன்றார்கள் என்கிறது அது. அத்தகைய துறைக்காவலாக என் முறை அமைந்துவிடக் கூடாது.

திருத்திய விதி இதுதான்: ஒருவரின் ஒலிப்பு, அவருக்குப் பேசக் கற்றுத் தந்தவர்களின் ஒலிப்போடு ஒப்பிட்டே அளக்கப்படும். எந்த நூலோடும் ஒப்பிடப்படாது. ளகரமும் ழகரமும் ஒன்றாகிவிட்ட வழக்கில் வளர்ந்தவருக்கு ‘வளி’யும் ‘வழி’யும் ஒரே ஒலியுடைய இரு சொற்கள், எதை நிகழ்த்துவது என்பதை அவருடைய உன்னலே முடிவு செய்யும். நாவில் குறைந்த சுமை மனத்தில் ஏறுகிறது. அதனால் அத்தகைய வட்டாரங்களில் மன ஒருமை மிக்க ஒலிவினைஞர்கள் தோன்றுகிறார்கள். மாறாக, தமக்குரியதல்லாத ஒலிப்பைப் போலியாக எடுத்துப் பேசுபவர்தான் தோற்கிறார்.

வேற்றுமை உருபுகளும் இழக்கப்படுமா?

இல்லை. அவை இடைச்சொற்கள். பெயரோடும் வினையோடும் சேர்ந்தே நடப்பவை, தமக்கென்று தனி இயல்பு இல்லாதவை என்று இடைச்சொற்களைத் தொல்காப்பியம் விளக்குகிறது. தனித்து நிற்காததைத் தனித்து இழக்கவும் முடியாது.

செய்த வினையை எப்படித் திரும்பப் பெறுவது?

திரும்பப் பெற முடியாது. எதிர்வினை ஒன்றைச் செய்யலாம். இங்கே புதியவர்கள் எல்லோரும் விழும் ஒரு பள்ளம் இருக்கிறது. ‘எழு’ என்று ஏவியவர் ‘எழாதே’ என்று தடுக்க முடியாது, ஏனெனில் ‘எழு’ என்ற பகுதியே அவரிடம் இப்போது இல்லை. ‘அடங்கு’ என்றோ ‘தணி’ என்றோ வேறொரு வினையைத்தான் தேட வேண்டும். ஆகையால் எந்த வினையையும் தொடங்குமுன், அதை நிறுத்துவதற்கான சொல் தம்மிடம் உள்ளதா என்று சரிபார்ப்பது முதல் ஒழுக்கம். முந்தைய நாள் ‘அடங்கு’ என்பதைச் செலவிட்டதை மறந்து மறுநாள் தீ மூட்டியவர்களின் கதைகளே இந்த உலகின் பெரும்பாலான பேரழிவுகள்.

வினைமுற்றின் வடிவமும் விளைவை மாற்றும். ஏவல், முன்னிலையில் உள்ளதையே இயக்கும். பாறையை நோக்கி ‘உருள்’ என்றால் எதிரே உள்ள அந்தப் பாறைதான் உருளும். ‘வாழ்க’, ‘ஒழிக’ போன்ற வியங்கோள் இடம், பால் வேறுபாடின்றி வருவதால் அதன் வீச்சு பரந்தது, ஆனால் மெலிந்தது. ‘ஒழிக’ என்று ஊரையே நோக்கிச் சொன்னால் ஊர் அழிந்துவிடாது. ஒவ்வொன்றிலும் சிறிதளவு தேய்வு ஏற்படும். வாழ்த்தும் அப்படியே சிறிதுசிறிதாகப் பரவும். வியங்கோளைத் தம் வாழ்நாள் முழுவதும் நாளுக்கு ஒருமுறை சொல்லும் வாழ்த்துநர் என்ற பிரிவினர் கதைகளில் வருகிறார்கள். அவர்களுக்கு ‘வாழ்’ என்ற சொல் நாள்தோறும் நழுவி, நாள்தோறும் யாராலோ மீள்கிறது.

புணர்ச்சிக்கும் தொகைக்கும் இதில் பங்கு உண்டா?

இந்த முறையின் நுட்பம் பெரும்பாலும் அங்கேதான் இருக்கிறது. ‘மரம்’, ‘வேர்’ என்று தனித்தனியே சொன்னால் இரு சொற்களை இழக்க வேண்டும். ‘மரவேர்’ என்று மகரம் கெடப் புணர்த்துச் சொன்னால் அது ஒரே சொல், இழப்பும் ஒன்றே, ‘மரம்’, ‘வேர்’ இரண்டும் தனித்தனியே கையில் நிற்கும். ‘பொன்’னும் ‘குட’மும் ‘பொற்குடம்’ ஆகும்போது னகரம் றகரமாகத் திரிகிறது. அந்தத் திரிபைச் சரியாகச் செய்யாதவருக்குப் புணர்ச்சி அமையாது, இரண்டும் தனித்தனியே போய்விடும். எனவே சிக்கனம் விரும்பும் ஒலிவினைஞருக்குப் புணர்ச்சி விதிகள் பொருளாதாரப் பாடம்.

வினைத்தொகை வேறு வகையானது, அஞ்சத்தக்கது. ‘ஆடுகொடி’ என்பதில் ஆடிய, ஆடுகின்ற, ஆடும் என்ற மூன்று காலமும் மறைந்து நிற்கின்றன. ‘கொடி ஆடு’ என்று ஏவினால் கொடி ஒருமுறை ஆடும். ‘ஆடுகொடி’ என்று வினைத்தொகையால் நிகழ்த்தினால் அது இனி எப்போதும் ஆடிக்கொண்டே இருக்கும். முன்பும் ஆடிக்கொண்டிருந்ததாகவே பார்த்தவர்களின் நினைவும் மாறிவிடும். கடந்த காலத்தைத் தொடும் ஒரே வழி இதுதான். ‘கொல்களிறு’ என்ற தொடரை எந்த ஒலிவினைஞரும் அளந்து உச்சரிப்பதில்லை.

இரட்டைக்கிளவியும் குறிப்பிடத்தக்கது. ‘சலசல’, ‘படபட’ ஆகியவை பிரிந்து பொருள் தருவதில்லை. பொருளைவிட ஒலிக்கு நெருக்கமாக இருப்பதால் அவற்றுக்கு உன்னல் மிகக் குறைவாகவே தேவைப்படுகிறது. சிறுவர்கள் முதலில் கற்பது இவற்றைத்தான்: ‘சலசல’ என்று சொல்லித் தேங்கிய நீரைச் சற்றே ஓடவிடுவார்கள்.

ஒவ்வொரு பொருளுக்கும் ‘உண்மைப் பெயர்’ உண்டா? அதை அறிந்தால் முழு ஆளுமை கிடைக்குமா?

இல்லை. ‘மொழிப்பொருட் காரணம் விழிப்பத் தோன்றா’ என்பது தொல்காப்பிய உரியியல். ஒரு சொல்லுக்கு அப்பொருள் ஏன் அமைந்தது என்பது வெளிப்படையாகத் தெரியாது என்பதே இதன் கருத்து. கல்லுக்குக் கல் என்ற பெயர் கல்லிலிருந்து வரவில்லை; பேசும் மக்களின் உடன்பாட்டிலிருந்து வந்தது. எனவே உண்மைப் பெயர் என்ற கருத்து என் முறையின் அடித்தளத்துக்கே எதிரானது. பேசுவோர் எல்லோரும் நாளை முதல் ஒரு பொருளை வேறு பெயரால் அழைக்கத் தொடங்கினால், புதிய பெயரே அன்று முதல் வேலை செய்யும்.

மெல்லப் பேசினாலும் நடக்குமா? எவ்வளவு தொலைவு எட்டும்?

அசைகள் பிரிந்து கேட்கும் தொலைவு வரை எட்டும். ஒலி சென்று சேரும்போதுதான் வினையும் நிகழும். காற்றில் ஒலியின் வேகம் 20 டிகிரி செல்சியஸில் நொடிக்குச் சுமார் 343 மீட்டர். ஆகையால் தொலைவில் உள்ள இலக்குக்கு விலகுவதற்குச் சிறிது நேரம் கிடைக்கும். திறந்தவெளியில் தொலைவு இருமடங்கானால் ஒலி மட்டம் 6 டெசிபல் குறையும். எனவே கத்துவதால் கிடைக்கும் பயன் விரைவில் தீர்ந்துவிடும். கத்தும்போது மாத்திரையும் சிதையும்.

கிசுகிசுப்பில் குரல்நாண்கள் அதிர்வதில்லை. ஒலிப்புடை (குரல்நாண் அதிரும்), ஒலிப்பிலா (அதிராத) மெய்களால் பொருளை வேறுபடுத்தும் மொழிகளில் இது பெரிய இடையூறு. தமிழில் ‘கல்’, ‘தங்கம்’, ‘அகம்’ ஆகியவற்றில் ககரம் மூன்று விதமாக ஒலித்தாலும் அது ஒரே எழுத்தே; அந்த வேறுபாடு சொல்லின் பொருளை மாற்றாது. ஆகவே தமிழ் ஒலிவினைஞர்கள் கிசுகிசுப்பில் தேர்ந்தவர்களாக இருக்கிறார்கள்.

பதிவு செய்த ஒலியோ தொலைபேசியோ பயன்படுமா?

1877-இல் எடிசன் ஒலிப்பதிவுக் கருவியை உருவாக்கியது முதல், குரல் அதைப் பேசியவரை விட்டுப் பிரிந்து வாழ முடிகிறது. ஆனால் பதிவில் உன்னல் இல்லை. ஆகவே பதிவு எதையும் நிகழ்த்தாது. இழந்த சொல்லைப் பதிவு மீட்டுத் தருமா என்றால், ஒருவர் தம் தேவைக்காகப் பேசியது பதிவாகியிருந்தால் தரும். தனித்த ஒலிவினைஞருக்கு இது ஒரு ஆறுதல். நேரடித் தொலைபேசி உரையாடலில் உன்னல் உண்டு என்றாலும், வினை பேசுபவரின் பக்கத்திலேயே நிகழும், ஏனெனில் வெப்பம் எடுக்கப்படுவது குரல் பிறந்த காற்றிலிருந்து.

பிற மொழிகளில் இது எப்படி இருக்கும்?

ஒவ்வொரு மொழியும் தன் அமைப்பால் வேறொரு முறையாகிவிடும். மாண்டரின் சீனத்தில் ‘மா’ என்ற ஓரசை, நான்கு தொனிகளுக்கேற்பத் தாய், சணல், குதிரை, திட்டுதல் என்று பொருள் மாறும். அங்கே உயிர்நாடி மாத்திரை அன்று, தொனி. கானரித் தீவுகளில் ஒன்றான லா கோமேராவில் ஸ்பானிய மொழியையே சீழ்க்கையால் பேசும் வழக்கம் உண்டு. பள்ளத்தாக்குகளைக் கடந்து கேட்கும் அந்தச் சீழ்க்கை என் உலகில் மிகத் தொலைவு எட்டும் ஒலிவினையாகிறது. பேசுவோர் இல்லாமற்போன மொழியின் சொற்கள் ஒவ்வொன்றும் ஒருமுறைக்கு மட்டுமே உதவும். ஒரு மொழியின் கடைசி இருவரில் ஒருவர் ஒலிவினைஞராக இருந்து, மற்றவர் இறந்துபோனால் எப்படி இருக்கும் என்பதை எழுத நான் இன்னும் துணியவில்லை.

பேச இயலாதவர்களுக்கு இந்த உலகில் என்ன இடம்?

காது கேளாதோரின் சைகைமொழிகள் முழுமையான மொழிகள். கைவடிவம், இடம், அசைவு ஆகிய சிறு கூறுகள் சேர்ந்தே ஒவ்வொரு சைகையும் அமைகிறது என்று 1960-இல் வில்லியம் ஸ்டோக்கி அமெரிக்கச் சைகைமொழியை ஆராய்ந்து காட்டினார். என் உலகில் சைகை காற்றை ஒலியாக்காததால் வினை நிகழ்த்தாது. அதனாலேயே சைகைச் சொற்கள் ஒருபோதும் இழக்கப்படுவதில்லை. சொல் இழந்து தவிக்கும் ஒலிவினைஞர் தம் எண்ணத்தைத் தெரிவிக்கக் கைமொழியையே நாடுகிறார். ஆகவே ஒலிவினைப் பள்ளிகளில் பேசாத ஆசிரியர்களே தலைமை வகிக்கிறார்கள்; அவர்களிடம் கைமொழி கற்று முடிக்காதவருக்கு முதல் சொல்லை அளந்து சொல்லும் அனுமதி கிடையாது.

பாட்டியல் நூல்களில் வரும் நச்செழுத்து, அமுத எழுத்து என்ற பாகுபாட்டைச் சேர்த்திருக்கிறீர்களா?

இல்லை. செய்யுள் நூல்களுக்கு இலக்கணம் கூறும் பாட்டியலில், ஒரு நூலின் முதற்சொல்லுக்குப் பார்க்கும் பத்துப் பொருத்தங்களில் ‘உண்டி’ என்பது எழுத்துகளை அமுதம், நஞ்சு என்று பிரிக்கிறது. அறம் வைத்து, அதாவது தீய எழுத்துகளை வைத்துப் பாடி ஒருவரை வீழ்த்தலாம் என்ற நம்பிக்கையும் நம் இலக்கிய வரலாற்றில் வலுவாக இருந்தது. அவற்றில் ஆற்றல் தனியெழுத்தில் தங்கியிருக்கிறது. என் முறையில் அது சொல்லிலும், சொல்லைப் பகிர்ந்துகொள்ளும் மக்களிடமும் தங்கியிருக்கிறது. இரண்டையும் கலந்தால் இரண்டும் கெடும் என்பதால் விட்டுவிட்டேன்.

கிளி சொன்னால் சொல் திரும்புமா? தூக்கத்தில் ஒருவர் உளறினால்?

கிளிக்கு நம்மைப் போன்ற குரல்வளை ஒலிப்பு இல்லை. மூச்சுக்குழாய் இரண்டாகப் பிரியும் இடத்திலுள்ள வேறோர் உறுப்பால் அது ஒலி எழுப்புகிறது. ஆயினும் தடை அதுவன்று. ‘தண்ணீர்’ என்று கத்தும் கிளி தண்ணீரைக் கருதுகிறதா என்பதே கேள்வி. வெறுமனே பழகிய ஒலியாக இருந்தால் சொல் திரும்பாது. தாகம் எடுக்கும்போது மட்டும் அந்த ஒலியை எழுப்பும் கிளியானால், அது திரும்பும் என்றே வைத்திருக்கிறேன்.

தூக்கத்தில் பேசுபவரைப் பற்றி இன்னும் முடிவு செய்யவில்லை. கனவில் தண்ணீர் கேட்பவர் தண்ணீரைத்தான் கருதுகிறார். ஆனால் அந்தத் தாகம் உண்மையான தாகமா என்று தீர்மானிக்க எனக்கு வழி தெரியவில்லை. இப்போது எழுதிக்கொண்டிருக்கும் கதையில், ‘மகள்’ என்ற சொல்லை இழந்த ஒருத்தி, உறங்கும் தன் தாயின் படுக்கை அருகே அமர்ந்து காத்திருக்கிறாள்.